சான்றாவணம் 17

நான் எழுதப்போகும் விஷயத்தில் முப்பத்தொரு நிமிடங்கள் என்னிடம் இல்லை. மற்றதெல்லாம் இருக்கிறது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் நடுவில் ஒரு துண்டு போன பிறகு, அதன் ஓரங்களில் மிஞ்சியிருப்பது எவ்வளவு சரி என்று எனக்கு உறுதியில்லை. சாட்சியாக வந்த சுகந்தி அன்று நீலப் புடவை கட்டியிருந்தார் என்று எழுதக் கை போகிறது. அது அன்றா, வேறொரு நாளா என்று யாராவது குறுக்கே கேட்டால் என்னிடம் பதில் கிடையாது.

உயர் நீதிமன்றத்தின் நினைவுப்படிப் பிரிவில் நான் தொழில்நுட்பர். பெயர் தாமோதரன். ஒருவர் ஒரு சம்பவத்தை முழுமையாக நினைத்துப் பார்க்கும்போது, அந்த நினைவு சில நிமிடங்களுக்கு இளகி நிற்கும். பிறகு மறுபடி இறுகும். இளகிய நேரத்தில் அதை நகலெடுத்துத் திரையில் காட்ட எங்கள் இயந்திரத்தால் முடியும்; அந்த நகல்தான் படி. மறுபடி இறுகவிடாமல் தடுக்கவும் முடியும். தடுத்தால் நினைவு போய்விடும்.

தடுக்க வேண்டும் என்று இயந்திரம் கேட்கவில்லை. சட்டம் கேட்கிறது. படி எடுத்த பிறகும் மூலம் சாட்சியின் தலைக்குள் இருந்தால், நாளைக்கு யாராவது சொல்லிக்கொடுத்து அதை மாற்றலாம். படி ஒன்று சொல்லும், சாட்சி ஒன்று சொல்வார். ஆகவே கொலைக் கத்தியைப் போல நினைவும் கைப்பற்றப்பட வேண்டிய பொருள் என்று தீர்ப்பாகிவிட்டது. அதற்கு எண் கொடுத்து, முத்திரை வைத்து, பதிவறையில் பூட்டுவார்கள். அந்தத் தீர்ப்பு வந்த இரண்டே வருடத்தில், படி இல்லாத வெறும் வாய்மொழியை எந்த நீதிமன்றமும் மதிப்பதில்லை என்று ஆகிவிட்டது.

கொடிவயல் தொகுதியில் கலியமூர்த்தி இருநூற்றுப் பன்னிரண்டு வாக்கு வித்தியாசத்தில் வென்றார். தோற்ற சிவசண்முகம் தேர்தல் மனு போட்டார். வீட்டுக்கு வீடு மூக்குத்தி கொடுத்து வாக்கு வாங்கினார்கள் என்பது புகார். இப்படிப்பட்ட மனுவில் பொதுவாகச் சொன்னால் போதாது. எந்த நாள், எந்த வீடு, யார் கொடுத்தது, யார் வாங்கியது, வேட்பாளரின் சம்மதத்தோடுதானா என்று ஒவ்வொன்றையும் சொல்லி, கொலை வழக்கைப் போலவே நிரூபிக்க வேண்டும். மனுவின் பின்னால் நூற்று நாற்பது பேர் பட்டியல் இருந்தது. விசாரணைக்கு வருவதற்குள் மூன்று வருடம் ஓடியது. நூற்று முப்பத்தொன்பது பேருக்கு, இயந்திரம் எதுவும் இல்லாமலேயே, எல்லாம் மறந்துவிட்டது.

சுகந்தி மட்டும் வந்தார்.

சிவசண்முகத்தின் வக்கீல் ஹேமலதா அவரை எங்கள் பிரிவுக்கு அழைத்துவந்த நாள் என்னிடம் இருக்கிறது. கொடிவயலில் ஒரு பள்ளிச் சத்துணவுக் கூடத்தில் சமையல் உதவியாளர். நாற்பது வயதுக்குள் இருக்கும். கணவர் விட்டுப் போய் வெகுகாலம் ஆயிற்று. நாற்காலியில் முழுதாக உட்காராமல் நுனியில் உட்கார்ந்தார். பை ஒன்றை மடியில் வைத்துக்கொண்டார். கடைசிவரை கீழே வைக்கவில்லை.

நடந்ததை அவரே சொன்னார். தேர்தலுக்கு நான்கு நாள் முன்பு, காலையில், குணசீலன் வந்தார். கலியமூர்த்தி கட்சியின் வார்டு செயலாளர், பக்கத்துத் தெருக்காரர். மூக்குத்தியை ஜரிகைத்தாளில் சுற்றிக் கையில் வைத்தார். அப்போதெல்லாம் சாமி படத்தின் முன் சத்தியம் வாங்குவது நின்றுபோயிருந்தது. இரண்டு கட்சியிடமும் வாங்கிக்கொண்டு இரண்டு சாமியிடமும் சத்தியம் செய்கிறார்கள் என்று கட்சிகளுக்குத் தெரிந்துவிட்டது. அதனால் குழந்தை இருக்கிற வீடாகப் பார்த்துப் போகச் சொல்லியிருந்தார்கள். சுகந்தியின் மகள் இலக்கியா, ஆறாம் வகுப்பு, பள்ளிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். குணசீலன் அவளைக் கூப்பிட்டு நிறுத்தி, அவள் தலையில் கை வைத்து, கலியமூர்த்திக்கே வாக்கு என்று அம்மாவைச் சொல்லச் சொன்னார். சுகந்தி சொன்னார்.

பிறகு வாக்குச்சாவடியில் போய் வேறு சின்னத்தை அழுத்தினார்.

“ஏன்னு கேக்காதீங்க. அந்தக் கலியமூர்த்தி பள்ளிக்கூடத்துக்குக் கட்டிக் குடுத்த கூரை, மொத மழையிலேயே ஒழுகுச்சு. அரிசியெல்லாம் போச்சு. அதான் கோவம்” என்றார்.

வாக்குப்பதிவு முடிந்த இருபத்து மூன்றாம் நாள் இலக்கியா காய்ச்சலில் இறந்தாள். காய்ச்சல் வந்த முதல் நாளே சுகந்தி மூக்குத்தியைக் கோயில் உண்டியலில் போட்டுவிட்டு வந்திருக்கிறார். அதனால் சான்றாகக் காட்ட மூக்குத்தியும் இல்லை.

ஹேமலதாவுக்கு இதில் மூக்குத்தி இல்லை என்பதுதான் காதில் விழுந்தது. குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார். நான் எதையும் எழுதவில்லை. எழுதுவது என் வேலையும் இல்லை.

“மேடம், நான் ஒண்ணே ஒண்ணுதான் கேக்குறேன்” என்றார் சுகந்தி. “சட்டத்துக்கு விரோதமா ஒருத்தன் வாங்கின சத்தியம் செல்லுமா, செல்லாதா?”

“செல்லாது. லஞ்சம் கொடுத்து வாங்குற எந்த வாக்குறுதியும் சட்டத்துல செல்லாது.”

“அதை ஜட்ஜு சொல்லுவாரா?”

“லஞ்சம்னு நிரூபணம் ஆச்சுன்னா, அதுக்கு அர்த்தம் அதுதானே.”

“அவரு வாயால சொல்லுவாரா? தீர்ப்புல எழுதுவாரா?”

ஹேமலதா என்னைப் பார்த்தார். பிறகு, எழுதுவார் என்றார். வக்கீல்கள் பொய் சொல்வதில்லை; வரப்போகிற வெற்றியிலிருந்து முன்கூட்டியே கொஞ்சம் எடுத்துச் செலவழித்துவிடுவார்கள். சுகந்தி தலையை ஆட்டினார். சிவசண்முகம் ஜெயிக்க வேண்டும் என்றோ, கலியமூர்த்தி இறங்க வேண்டும் என்றோ அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஒரு நீதிபதி அந்தச் சத்தியத்தைச் செல்லாது என்று சொல்லிவிட்டால், மகள் இறந்ததற்குத் தான் காரணமில்லை. அதற்காகத்தான் ஐந்து மணி நேரம் பேருந்தில் வந்திருந்தார்.

அடுத்து நடந்திருக்க வேண்டியது முன்னுரையாடல். தொழில்நுட்பரும் சாட்சியும் மட்டும் ஒரு அறையில் இருப்பார்கள். சம்மதப் படிவத்தைச் சாட்சிக்குத் தெரிந்த மொழியில் வாசித்து விளக்க வேண்டும். அதில் ஒன்பதாவது பிரிவு முக்கியமானது: “படி எடுக்கப்படும் நினைவோடு புலன்வழி இணைந்த பிற நினைவுகளுக்கு நேரும் இழப்புக்கு நீதிமன்றம் பொறுப்பாகாது.” அதாவது, ஒரு நினைவைப் பிடுங்கினால் அதே தொடுகையால், அதே வாசனையால் அதோடு ஒட்டிக்கொண்டிருப்பதும் சேர்ந்து வரும்.

அவரும் நானும் மட்டும் இருந்த அந்த முப்பத்தொரு நிமிடம்தான் என்னிடம் இல்லை. அது ஏன் என்று பிறகு சொல்கிறேன். படிவத்தில் சுகந்தியின் கையெழுத்து இருக்கிறது. கீழே, விளக்கிச் சொல்லப்பட்டது என்று என் கையெழுத்து இருக்கிறது.

படி எடுத்தது நன்றாக நினைவிருக்கிறது. நான்கு நிமிடம் பத்து வினாடி. இயந்திரத்துக்குள் சாய்ந்திருந்தபோது அவருடைய வலது கை மட்டும் நாற்காலிக் கைப்பிடியிலிருந்து எழுந்து, காற்றில் எதன் மீதோ படிந்தாற்போல் நின்றது. முடிந்ததும் இறங்கியது. எழுந்து தண்ணீர் கேட்டார். வலிக்கிறதா என்றேன். இல்லை என்றார். கையை ஒருமுறை புரட்டிப் பார்த்துக்கொண்டார்.

மறுநாள் நீதிமன்றத்தில் கதவை அடைத்துவிட்டு, சான்றாவணம் 17 என்று பெயரிட்டுத் திரையிட்டோம். நீதிபதி, இரண்டு பக்க வக்கீல்கள், மனுதாரர், எதிர்மனுதாரர், நான், சுகந்தி. கலியமூர்த்தி வெள்ளை வேட்டியில் முன்வரிசையில் உட்கார்ந்து கைக்குட்டையை நான்காக மடித்துக்கொண்டிருந்தார்.

திரையில் ஒரு சிறுமியின் தலை தெரிந்தது. மேலிருந்து பார்க்கிற கோணம். எண்ணெய் வைத்து நடுவில் எடுத்த வகிடு. ஒரு பக்கம் பின்னி முடித்திருந்தது, இன்னொரு பக்கம் பின்னாமல் தொங்கியது. வகிடு ஓரிடத்தில் சற்றே கோணியிருந்தது. ஒரு பெண்ணின் கை வந்து அதன்மேல் அமர்ந்தது.

ஓர் ஆணின் குரல் கேட்டது. “ம்... சொல்லுங்க. புள்ள தலையில வச்ச கை. அண்ணன் குடுத்துவிட்டது, மறக்கக் கூடாது.” மணிக்கட்டில் கறுப்புக் கயிறு கட்டிய கை ஒன்று ஓரத்தில் வந்து ஜரிகைத்தாளை நீட்டியது. போய்விட்டது. மறுபடி வகிடு.

“முகம் எப்ப வரும்?” என்று ஹேமலதா என் பக்கம் குனிந்து கேட்டார்.

நேற்றே எனக்குத் தெரியும். முகம் வரவே வராது. அந்த நான்கு நிமிடமும் சுகந்தி தலை நிமிரவில்லை. வெட்கத்திலோ பயத்திலோ மகளின் தலையை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். குணசீலன் பேசினார், சிரித்தார், விடைபெற்றார். அவர் முகம் ஒருமுறைகூட சுகந்தியின் பார்வைக்குள் வரவில்லை. கடைசியில் சிறுமி, “அம்மா, இன்னொரு சடை” என்றாள். அதோடு முடிந்தது.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஏதாவது நடந்துவிடும் என்று ஒரு கணம் நான் நம்பினேன்.

எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். வயதானவர், மென்மையாகப் பேசுகிறவர். நினைவில் கேட்கும் குரல், கேட்டவர் மனத்தில் பதிந்த குரலே தவிர, பேசியவரின் குரல் அல்ல. அடையாளத்துக்கு உதவாது என்று மேற்கோள் காட்டினார். கறுப்புக் கயிறு கொடிவயலில் பாதிப் பேர் கையில் இருக்கிறது என்றார். “அண்ணன் என்கிறார்கள். எந்த அண்ணன், மை லார்ட்? இந்த மாநிலத்தில் அண்ணன் அல்லாத வேட்பாளர் உண்டா?” நீதிபதிக்கே சிரிப்பு வந்தது. பிறகு வக்கீல் சுகந்தியைக் கூண்டில் ஏற்றினார்.

“அன்னைக்கு உங்க வீட்டுக்கு வந்தது யாரும்மா?”

“குணசீலன் அண்ணன்.”

“அவரைப் பார்த்தது இப்ப ஞாபகம் இருக்கா?”

“இல்ல.”

“அவர் குரல் கேட்டது?”

“இல்ல.”

“பின்ன அவர்தான்னு எப்படித் தெரியும்?”

“நான்தான் சொல்லியிருக்கேனே சார். மேடம் எழுதுன பேப்பர்ல இருக்கு.”

இரண்டு பேர் சிரித்தார்கள். அவர் பொய் சொல்லவில்லை. அவருடைய உண்மை எங்கள் பதிவறையில் இருந்தது. அங்கேயும் அதற்கு முகம் இல்லை.

குணசீலனின் நினைவைப் படி எடுக்க வேண்டும் என்று ஹேமலதா மனு போட்டார். தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்ல யாரையும் வற்புறுத்த முடியாது என்று அது தள்ளுபடியானது. கொடுத்தவரின் தலைக்குச் சட்டத்தின் பாதுகாப்பு இருந்தது.

அதற்குள் எதிர்த்தரப்பு இன்னொரு மனு கொண்டுவந்தது. முன்னுரையாடலில் தொழில்நுட்பர் சாட்சிக்கு ஆசை காட்டினாரா, அதுவே ஒரு லஞ்சமா என்று பார்க்க வேண்டும் என்றார்கள். லஞ்சம் நடந்ததா என்று விசாரிக்கிற வழக்கில் முதன்முதலாக முழு வேகத்தோடு விசாரிக்கப்பட்ட லஞ்சம், நான் கொடுத்ததாகச் சொல்லப்பட்டதுதான். சம்மதிக்காவிட்டால் வேலை போகும். சம்மதித்தேன்.

என்னைப் படி எடுத்தது என் சக ஊழியர். படிவத்தை எனக்கு வாசித்தார். ஒன்பதாவது பிரிவை, நிறுத்தங்களின் பெயரைச் சொல்லும் கண்டக்டர் போல ஒரே மூச்சில் வாசித்துவிட்டுப் பேனாவை நீட்டினார். எனக்கு அப்போதுதான் உறைத்தது. நானும் அப்படித்தான் வாசிப்பேன். பன்னிரண்டு வருடமாக எல்லோருக்கும் அப்படித்தான் வாசித்திருக்கிறேன். சுகந்திக்கும் அப்படியேதானா? கையெழுத்துப் போடும்போது அது எனக்குத் தெரிந்திருந்தது. ஆம் என்றோ இல்லை என்றோ ஒரு தெளிவான பதில் என்னிடம் இருந்தது. அரை மணி நேரம் கழித்து இல்லை.

நீதிபதி தன் அறையில் தனியாக அதைப் பார்த்தார். ஆசை காட்டியதாக எதுவும் இல்லை என்று ஒரு பத்தியில் முடித்து, படியை மூடிய உறையில் வைக்கச் சொன்னார். அந்தப் பத்தியில் எனக்குக் கிடைத்தது ஒரு வரிதான்: “உரையாடல் முப்பத்தொரு நிமிடம் நீடித்தது, அதில் பதினொரு நிமிடம் இருவரும் பேசவில்லை.” அந்தப் பதினொரு நிமிடத்தில் நாங்கள் என்ன செய்துகொண்டிருந்தோம்? எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, அவர் யோசிக்க நான் காத்திருந்தேனா? சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் உட்கார்ந்திருந்தேனா? உறையைப் பிரிக்க எனக்கு உரிமையில்லை. விண்ணப்பித்துப் பார்த்தேன்; சம்பந்தப்பட்டவர் என்பதால் மறுத்துவிட்டார்கள்.

தீர்ப்பு எட்டு மாதம் கழித்து வந்தது. வேட்பாளரின் சம்மதம் நிரூபிக்கப்படவில்லை. கொடுத்தவர் யாரென்று நிரூபிக்கப்படவில்லை. ஆகவே லஞ்சம் கொடுக்கப்பட்டது என்பது சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கப்படவில்லை. மனு தள்ளுபடி.

வராந்தாவில் ஹேமலதா வேகமாகப் பேசிக்கொண்டே நடந்தார். மேல்முறையீடு என்றார். சிவசண்முகம் போனில் யாருடனோ சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார். சுகந்தி தூண் ஓரமாக நின்று, நான் கிட்டே போனதும் கேட்டார்.

“அப்ப, அந்தச் சத்தியம் செல்லும்னு ஆயிருச்சா சார்?”

அப்படி இல்லை என்றேன். நிரூபிக்கப்படவில்லை என்பதற்கு நடக்கவில்லை என்று பொருளல்ல என்றேன். சட்டம் அதைப் பற்றி எதுவும் சொல்லவில்லை என்றேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

“செல்லாதுன்னு சொல்லலல்ல” என்றார்.

நான் மறுபடி ஆரம்பித்தேன். நடுவில் நிறுத்திவிட்டேன்.

சான்றாவணத்தைப் பார்க்க அனுமதி கேட்டு அவர் மனுப் போட்டது ஒரு மாதம் கழித்து. அவர் நினைவுதான் என்பதால் ஒருமுறை பார்க்க அனுமதி கிடைத்தது. பதிவறைக்கு அடுத்த சிறிய அறையில் மதிய உணவு நேரத்தில் நானே அதைப் போட்டுக் காட்டினேன். வகிடு. கோணிய இடம். கை. கறுப்புக் கயிறு. “அம்மா, இன்னொரு சடை.”

முடிந்ததும் மறுபடி போடச் சொன்னார். போட்டேன். ஒருமுறைக்கு மேல் விதியில் இல்லை; மூன்றாவது முறையும் போட்டேன்.

“இது இலக்கியா தலைதானா சார்?” என்று கேட்டார்.

ஆமாம் என்றேன்.

“குரல் அவளுதுதான். தலைதான் தெரியல.” வலது கையைப் பிரித்து மேசைமேல் வைத்தார். “நான்தானே தெனம் சீவிவிடுவேன். பதினோரு வருசம். எண்ணெய் வச்சது, பேன் பாத்தது, காய்ச்சல்ல தடவிக்குடுத்தது. செஞ்சேன்னு தெரியுது சார். கைக்குத்தான் ஒண்ணும் தெரியல.”

நான்கு நிமிடத்தைப் பிடுங்கியபோது அந்தத் தலையைத் தொட்ட அத்தனை நாளும் கூடவே வந்துவிட்டிருந்தன. சத்தியம் செய்துவிட்டோமே என்ற குற்ற உணர்ச்சி மட்டும் வரவில்லை. அது அந்த நான்கு நிமிடத்தில் இல்லை. பிறகு, அந்த இருபத்து மூன்று நாளில் சேர்ந்தது. அதை அவரிடமிருந்து எந்த நீதிமன்றமும் கேட்கவில்லை.

வெகுநேரம் பேசாமல் இருந்தோம். முன்னும் நாங்கள் இப்படி இருந்திருக்கிறோம், பதினொரு நிமிடம். எனக்கு அது தெரியாது, அவருக்குத் தெரியும். அது அவரிடம் இன்னும் இருக்கிறது என்பது அப்போதுதான் எனக்குப் புத்தியில் பட்டது.

“அம்மா, இதை எடுக்கறதுக்கு முந்தி நாம ரெண்டு பேரும் தனியா உக்காந்திருந்தோமே. இப்படியெல்லாம் போகும்னு நான் உங்ககிட்ட சொன்னேனா?”

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். என் முகத்தை நன்றாக, நிதானமாகப் பார்த்தார்.

“சொன்னீங்க சார்” என்றார்.

நான் மூச்சு விட்டிருக்க வேண்டும்.

பையை எடுத்துக்கொண்டு எழுந்தார். கதவருகில் நின்று, “சத்தியமான்னு மட்டும் கேக்காதீங்க. நான் இப்ப சத்தியம் பண்றதில்ல” என்று சொல்லிவிட்டுப் போனார்.

கலியமூர்த்தி பதவிக்காலத்தை முடித்தார்; அடுத்த தேர்தலில் பதினாறாயிரம் வாக்கு வித்தியாசத்தில் வென்றார். சிவசண்முகம் மேல்முறையீட்டைத் தொடரவில்லை. கலியமூர்த்தியின் கட்சியில் சேர்ந்து ஒரு வாரியத்துக்குத் தலைவரானார். குணசீலன் நகராட்சி உறுப்பினர். ஹேமலதா தேர்தல் வழக்குகளை விட்டுவிட்டார். நீதிபதி ஓய்வுபெற்று, நினைவுப்படியைக் கீழ் நீதிமன்றங்களுக்கும் விரிவாக்குவதற்கான குழுவுக்குத் தலைமை வகிக்கிறார். சுகந்தி அதே சத்துணவுக் கூடத்தில் இருக்கிறார், கூரை மாற்றப்படவில்லை. நான் இதே பிரிவில் இருக்கிறேன். ஒன்பதாவது பிரிவை இப்போது நிறுத்தி வாசிக்கிறேன். இதுவரை மூன்று பேர் எழுந்து போயிருக்கிறார்கள். என் முப்பத்தொரு நிமிடம் உறைக்குள் இருக்கிறது. மூடிய உறைகளை முப்பது வருடம் வைத்திருப்பார்கள். சான்றாவணம் 17, மேல்முறையீட்டுக் காலம் முடிந்ததும், தேவையற்றவை பட்டியலில் சேர்த்து விதிப்படி அழிக்கப்பட்டது.